கேபிள் பில்லைப் பிரித்துப் பார்ப்போமா?

மாதம் பிறந்து முதல் வாரம். வாசலில் பைக் வந்து நிற்கிற சத்தம். "அக்கா, கேபிள்!" நீங்களும் உள்ளே போய் இருநூற்று ஐம்பதோ முந்நூறோ எடுத்துவந்து கொடுக்கிறீர்கள். அவர் நோட்டில் ஒரு டிக் அடிக்கிறார், அல்லது செல்போனில் ஏதோ தட்டுகிறார். பைக் அடுத்த வீட்டுக்குப் போய்விடுகிறது. முடிந்தது.

கீரைக்காரம்மாவிடம் கொத்தமல்லி கொசுறு கேட்டு வாதாடுகிறோம். ரேஷன் கடையில் எடை சரியா என்று எட்டிப் பார்க்கிறோம். கரண்ட் பில் கூடினால் அக்கம்பக்கத்தில் விசாரிக்கிறோம். கேபிள் பணத்துக்கு மட்டும் ஏனோ கேள்வியே கிடையாது. கடைசியாக நீங்கள் கேபிள் ரசீது வாங்கியது எப்போது என்று யோசித்துப் பாருங்கள். ரசீதில் எந்தச் சானலுக்கு எவ்வளவு என்று பார்த்தது எப்போது?

எங்கள் தெருவில் ஒரு பாட்டி தனியாக இருக்கிறார். காலையில் பக்திப் பாட்டு, மத்தியானம் பழைய படம், சாயங்காலம் இரண்டு சீரியல், அவ்வளவுதான் அவர் டி.வி. பார்ப்பது. மாதம் 300 ரூபாய் கட்டுகிறார். "கிரிக்கெட்டு வருது, இங்கிலீஷ் படம் வருது, இந்திப் பாட்டு வருது. எனக்கு எதுக்குய்யா அதெல்லாம்? கொறச்சுக் குடுன்னு கேட்டா, இந்த பேக்தான் இருக்கு பாட்டிங்கறான்" என்று ஒருநாள் புலம்பினார். அவருக்கு வருமானம் என்பது மாதம் 1,200 ரூபாய் முதியோர் உதவித்தொகை. அதில் கால் பங்கு கேபிளுக்குப் போகிறது.

"இந்த பேக்தான் இருக்கு" என்று ஆபரேட்டர் சொன்னது விதிப்படி சரியில்லை. ஆனால் அப்படிச் சொல்லிவிட்டு அடுத்த வீட்டுக்குப் போக அவரால் முடிகிறதே, அது எப்படி? அதைப் புரிந்துகொள்ள இந்த ஒயர் நம் தெருவுக்கு வந்த கதையில் இருந்து தொடங்க வேண்டும்.

ஒயர் வந்த கதை

1991 வளைகுடாப் போரை வெளிநாட்டுச் செய்தி நிறுவனம் ஒன்று நேரலையில் காட்டியபோதுதான் செயற்கைக்கோள் டி.வி.யின் ருசி இந்தியாவுக்குத் தெரிந்தது. அதே ஆண்டில் ஸ்டார் டி.வி. வந்தது. 1993 தமிழ்ப் புத்தாண்டு அன்று சன் டி.வி. தொடங்கியது. மொட்டை மாடியில் ஒரு டிஷ், பக்கத்தில் ஒரு வி.சி.ஆர்., தெருவின் இந்தக் கோடியில் இருந்து அந்தக் கோடி வரை ஒயர். தொழில் இப்படித்தான் ஆரம்பித்தது. வேலை தேடிக்கொண்டிருந்த பையன்கள், ரேடியோ ரிப்பேர் கடைக்காரர்கள், வீடியோ கேசட் வாடகைக்கு விட்டவர்கள் ஆபரேட்டர் ஆனார்கள். யாரிடமும் லைசென்ஸ் வாங்கவில்லை, ஏனென்றால் அப்படி ஒரு லைசென்ஸே அப்போது இல்லை.

சட்டம் பின்னால் ஓடி வந்தது. கேபிள் டெலிவிஷன் நெட்வொர்க்குகள் (ஒழுங்குமுறை) சட்டம் 1995-ல் நிறைவேறியது. அதன்படி ஆபரேட்டர் பதிவு செய்துகொள்ளாமல் தொழில் நடத்தக் கூடாது. பதிவு செய்யும் இடம் எது தெரியுமா? தலைமைத் தபால் நிலையம். ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டும். முப்பது வருஷமாக இப்படியே ஓடி, 2025 ஜனவரியில்தான் விதி மாறியது. இப்போது மத்தியத் தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்தின் இணையதளத்தில் பதிவு, ஐந்து ஆண்டுக்குச் செல்லும். பதிவில்லாமல் ஒயர் இழுத்தால் கருவிகளைக் கைப்பற்றும் அதிகாரம் மாவட்ட ஆட்சியர், கோட்ட அளவிலான நிர்வாக நடுவர், மாநகரக் காவல் ஆணையர் போன்றவர்களுக்கு இருக்கிறது.

விலையையும் சேவைத் தரத்தையும் கவனிக்கிற வேலை 2004 ஜனவரியில் டிராய் எனப்படும் இந்தியத் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையத்துக்கு வந்தது. அதுவரை கேபிள் கட்டணத்துக்கென்று கேள்வி கேட்க ஒரு தனி ஆணையம் இல்லை.

ஒரு தெருவுக்கு ஒரு ஒயர்

இந்தத் தொழிலின் குணத்தைத் தீர்மானிக்கிற விஷயம் ஒன்று உண்டு. நூறு வீடு உள்ள தெருவுக்கு ஒயர் இழுக்க ஆகிற செலவு, அந்த நூறு வீடும் சேர்ந்தாலும் இருபது வீடு மட்டும் சேர்ந்தாலும் ஏறக்குறைய ஒன்றுதான். ஆகவே முதலில் ஒயர் இழுத்தவர் தெரு முழுவதையும் பிடித்துவிட்டால், இரண்டாவதாக வருகிறவருக்குக் கட்டுப்படியாகாது. அவர் அடுத்த தெருவுக்குப் போவார். நாளடைவில் "மாரியம்மன் கோயில் வரை உன் லைன், அதற்கு மேலே என் லைன்" என்று எழுதாத ஒப்பந்தம் உருவாகிவிடும். உங்கள் ஊரிலும் இருக்கும், விசாரித்துப் பாருங்கள்.

இந்த ஆபரேட்டருக்கு மேலே இன்னொருவர் இருக்கிறார். செயற்கைக்கோளில் இருந்து சானல்களை இறக்கி, ஒன்றாகத் தொகுத்து, ஆபரேட்டர்களுக்கு அனுப்புகிற பெரிய நிறுவனம். எம்.எஸ்.ஓ. என்பார்கள். அதற்கும் மேலே சானல் நடத்துகிறவர்கள். எம்.எஸ்.ஓ. மட்டத்திலும் இதே கதைதான். பல மாநிலங்களில் ஒரே நிறுவனம் பெரும்பகுதி இணைப்புகளைக் கையில் வைத்திருந்தது. ஒரு மாநிலத்தில் ஒரு எம்.எஸ்.ஓ.வின் பங்கு 50 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்று டிராய் 2013 நவம்பரில் பரிந்துரைத்தது. அது சட்டமாகவில்லை.

பங்கு பெரிதாக இருந்தால் என்ன கெட்டுவிடும் என்று கேட்கலாம். பஞ்சாபில் நடந்ததைப் பாருங்கள். அங்கே கேபிள் இணைப்புகளில் பெரும்பகுதியைக் கையில் வைத்திருந்த ஒரு எம்.எஸ்.ஓ. குழுமம், ஒரு செய்திச் சானலைத் தன் ஒயரில் இருந்து நீக்கியது. நீக்கினால் அந்தச் சானலை மாநிலத்தில் பெரும்பாலான வீடுகளில் பார்க்க முடியாது. சானல் கடைசியில் போட்டி ஆணையத்திடம் போனது. ஆணையம் 2012-ல் 8 கோடி ரூபாய்க்கு மேல் அபராதம் விதித்தது. மேல்முறையீட்டில் அது ரத்தாகி, வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. 2018 ஜனவரியில் உச்ச நீதிமன்றம், ஒரு சானலைச் சந்தைக்குள் வரவிடாமல் தடுப்பது ஆதிக்க நிலையைத் தவறாகப் பயன்படுத்துவதுதான் என்று ஏற்றுக்கொண்டது. அபராதத்தை மட்டும் விட்டுவிட்டது. ஒரு மாநில மக்கள் எந்தச் செய்தியைப் பார்க்கலாம் என்று ஒயர் வைத்திருப்பவர் தீர்மானிக்க முடிந்தது என்பதுதான் இதில் கவனிக்க வேண்டியது. பாட்டியின் 300 ரூபாயை விடப் பெரிய விஷயம் இது.

தலை எண்ணிக்கைத் தகராறு

பழைய அனலாக் காலத்தில் ஆபரேட்டரிடம் எத்தனை வீடு இருக்கிறது என்பது அவருக்கும் கடவுளுக்கும்தான் தெரியும். ஐந்நூறு வீட்டில் வசூல் செய்துவிட்டு, மேலே உள்ளவரிடம் நூற்றைம்பது என்று கணக்குக் காட்டலாம். மேலே உள்ளவரும் அதைக் குறைத்துச் சானல்காரரிடம் காட்டலாம். சானல்காரர் இதைத் தெரிந்துகொண்டு விலையை ஏற்றுவார். அரசுக்கு வரி வராது. ஆளாளுக்கு ஒரு கணக்கு.

இதைச் சரிசெய்யத்தான் செட்டாப் பாக்ஸ் வந்தது. ஒவ்வொரு பாக்ஸுக்கும் ஒரு எண், அந்த எண்ணுக்கு எந்தெந்தச் சானல் திறந்திருக்கிறது என்பது கம்ப்யூட்டரில் பதிவாகும். தலையை மறைக்க முடியாது. நாட்டிலேயே இதை முதலில் பார்த்த ஊர் நம் சென்னைதான். 2003 செப்டம்பர் 1 முதல் 'காஸ்' என்ற திட்டம் சென்னையில் அமலானது. கட்டணச் சானல் வேண்டும் என்றால் பாக்ஸ் வாங்க வேண்டும். வேண்டாம் என்றால் இலவசச் சானல்கள் மட்டும், அதற்கு அதிகபட்சக் கட்டணம் வரி நீங்கலாக 72 ரூபாய். பாக்ஸ் வாங்கியவர்கள் கொஞ்சம் பேர்தான். "டி.வி. வாங்கினப்போ இந்த டப்பா வேணும்னு யாரும் சொல்லலியே" என்பதுதான் அன்றைய பொதுக் கருத்து.

பிறகு 2011 டிசம்பரில் சட்டத்தைத் திருத்தி, நாடு முழுவதும் டிஜிட்டல் கட்டாயம் என்றார்கள். பெருநகரங்களில் தொடங்கி, கிராமங்கள் வரை நான்கு கட்டங்கள். கடைசிக் கட்டம் 2017 மார்ச் 31-ல் முடிந்தது. நடுவில் நீதிமன்ற வழக்குகள், பாக்ஸ் தட்டுப்பாடு, கால நீட்டிப்பு எல்லாம் நடந்தன, அதை விட்டுவிடுவோம்.

220 ரூபாய் 66 காசு

பாக்ஸ் வந்ததும் "எதைப் பார்க்கிறாயோ அதற்கு மட்டும் காசு" என்று சொல்வது சாத்தியமாயிற்று. 2017 மார்ச் 3-ல் டிராய் வெளியிட்ட விதிகளின் சாரம் அதுதான். ஸ்டார் குழுமமும் விஜய் டி.வி.யும் சென்னை உயர் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தன. இரண்டு நீதிபதிகளும் ஆளுக்கொரு தீர்ப்புச் சொன்னதால் மூன்றாவது நீதிபதியிடம் போய், அங்கிருந்து உச்ச நீதிமன்றம் போய், 2018 அக்டோபர் 30-ல் விதிகள் செல்லும் என்று முடிந்தது. 2019 பிப்ரவரி 1 முதல் நம் பில்கள் மாறின.

அந்த மாற்றத்தைப் புரிந்துகொள்ள ஒரு கணக்குப் போடுவோம். பில்லில் இரண்டு பகுதி உண்டு. முதலாவது, ஒயருக்கான கட்டணம். ஆங்கில எழுத்தில் என்.சி.எஃப். என்று போட்டிருப்பார்கள். நூறு எஸ்.டி. சானல் வரை இதற்கு உச்சவரம்பு 130 ரூபாய் என்று 2019-ல் இருந்தது. அடுத்த ஆண்டு அதே 130 ரூபாய்க்கு 200 சானல் என்று டிராய் உயர்த்தியது. இரண்டாவது பகுதி, கட்டணச் சானல்களின் விலை. ஒவ்வொரு சானலுக்கும் மாத விலை எவ்வளவு என்று சானல்காரர் வெளிப்படையாக அறிவிக்க வேண்டும். பிஸ்கட் பாக்கெட்டில் எம்.ஆர்.பி. போடுவது மாதிரி. உங்கள் ஆபரேட்டர் அதற்கு மேல் ஒரு காசு வாங்கக் கூடாது.

ஒருவர் 130 ரூபாய் ஒயர் கட்டணத்தோடு, 19 ரூபாய் வீதம் மூன்று கட்டணச் சானல் எடுக்கிறார் என்று வையுங்கள். 130-ம் 57-ம் சேர்ந்து 187. அதில் 18 சதவீதம் ஜி.எஸ்.டி., 33 ரூபாய் 66 காசு. ஆக மொத்தம் 220 ரூபாய் 66 காசு.

இது யார் யாருக்குப் போகிறது? தனியாக வேறு ஒப்பந்தம் போட்டுக்கொள்ளாவிட்டால், ஒயர் கட்டணத்தில் எம்.எஸ்.ஓ.வுக்கு 55 சதவீதம், உங்கள் ஆபரேட்டருக்கு 45 சதவீதம் என்பது டிராய் வகுத்த பங்கீடு. சானல் விலையில் 80 சதவீதம் சானல்காரருக்கு. மீதி 20 சதவீதத்தை எம்.எஸ்.ஓ.வும் ஆபரேட்டரும் அதே 55-க்கு 45 என்று பிரித்துக்கொள்வார்கள். கணக்குப் போட்டால், சானல்காரர்களுக்கு 45 ரூபாய் 60 காசு, எம்.எஸ்.ஓ.வுக்கு 77 ரூபாய் 77 காசு, தெருவில் ஏணி போட்டு ஏறுகிற ஆபரேட்டருக்கு 63 ரூபாய் 63 காசு.

மழையில் ஒயர் அறுந்தால் வந்து நிற்பவருக்கு இந்த 63 ரூபாய்தான். அதில் வசூல் பையனுக்குச் சம்பளம், கம்பத்துக்கு வாடகை, பெட்ரோல் எல்லாம் போக வேண்டும். அவர் பெரிய பேக்கையே உங்கள் தலையில் கட்டப் பார்ப்பதற்கு இந்தக் கணக்கும் ஒரு காரணம். அவரை நியாயப்படுத்தச் சொல்லவில்லை. ஆனால் வாசலில் நிற்கிறவரோடு மட்டும் சண்டை போட்டால் விஷயம் தீராது என்று தெரிந்து வைத்துக்கொள்வது நல்லது.

பேக் என்னும் கண்ணி

தனித்தனியாக எடுக்கும் உரிமை இருக்கிறதே, பிறகு ஏன் எல்லோரும் பேக்கிலேயே கிடக்கிறோம்? கட்டணச் சானல்காரர்கள் செய்த வித்தை அப்படி. பத்துச் சானல், தனித்தனியாக வாங்கினால் 100 ரூபாய். பத்தையும் சேர்த்து எடுத்தால் 40 ரூபாய். உங்களுக்கு வேண்டியது மூன்றே மூன்று. அவை மூன்றின் விலை மட்டும் 45. யார் மூன்றை எடுப்பார்கள்? நாற்பதைக் கொடுத்துப் பத்தையும் எடுத்துக்கொள்வார்கள். வேண்டாத ஏழு சானலும் உங்கள் வீட்டுக்கு வந்துவிடும். "இத்தனை லட்சம் வீட்டில் எங்கள் சானல் தெரிகிறது" என்று விளம்பரதாரரிடம் சொல்லிக் காசு பார்க்க அந்த ஏழும் உதவும். ஜவுளிக்கடைத் தள்ளுபடி மாதிரிதான்; தனி விலை உங்களைப் பேக் பக்கம் தள்ளுவதற்காக வைத்த விலை.

டிராய் 2017-லேயே பேக்கில் 15 சதவீதத்துக்கு மேல் தள்ளுபடி கூடாது என்றது. நீதிமன்றத்தில் நிற்காமல் போனது அந்த ஒரு பிரிவுதான். அதனால் 2019-ல் விதிகள் வந்தபோது, வரம்பில்லாத தள்ளுபடியோடு பேக்குகளும் கூடவே வந்தன. பேக்கில் சேர்க்கும் சானலின் விலை 19 ரூபாயைத் தாண்டக் கூடாது என்றிருந்ததை 2020-ல் 12 ஆகக் குறைத்தார்கள், வழக்கு, 2022 நவம்பரில் மறுபடி 19 ஆக்கி, தள்ளுபடிக்கு 45 சதவீதம் என்று வரம்பு வைத்தார்கள். அந்தப் புதிய விலைப் பட்டியலுக்குக் கையெழுத்துப் போட மாட்டோம் என்று பல எம்.எஸ்.ஓ.க்கள் மறுத்ததால் 2023 பிப்ரவரியில் பெரிய சானல் குழுமங்கள் சில தங்கள் ஒளிபரப்பையே துண்டித்தன. நாடு முழுக்கக் கோடிக்கணக்கான வீடுகளில் பல நாள் அந்தச் சானல்கள் கறுப்பு. பணம் கட்டியவர்கள் வீட்டில்தான் கறுப்பு என்பதைச் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

இப்போது நிலைமை என்ன? 2024 ஜூலையில் டிராய் இன்னொரு திருப்பம் எடுத்தது. ஒயர் கட்டணத்துக்கு இருந்த 130 ரூபாய் உச்சவரம்பை எடுத்துவிட்டது. எம்.எஸ்.ஓ.க்களும் டி.டி.எச். நிறுவனங்களும் தாங்களே கட்டணத்தை நிர்ணயித்துக்கொள்ளலாம், ஊருக்கு ஊர் மாற்றியும் வைக்கலாம். ஆனால் அதை வெளிப்படையாக அறிவிக்க வேண்டும். போட்டி கூடிவிட்டது, இனி சந்தையே பார்த்துக்கொள்ளும் என்பது இதன் பின்னே உள்ள நம்பிக்கை. டி.டி.எச். இருக்கிறது, மாதக் கட்டணமே இல்லாத தூர்தர்ஷனின் ஃப்ரீ டிஷ் இருக்கிறது, செல்போனில் எல்லாமே இருக்கிறது. கட்டண டி.டி.எச். சந்தாதாரர்களே 2020 இறுதியில் சுமார் 7 கோடியாக இருந்து, நான்கு ஆண்டில் 6 கோடிக்குக் கீழே இறங்கிவிட்டார்கள். கைக்குள் திரை வந்துவிட்டதால் ஒயருக்கும் குடைக்கும் மவுசு குறைந்திருப்பது உண்மை.

எங்கள் தெருப் பாட்டிக்கு இது பொருந்துமா என்றால், எனக்குச் சந்தேகம்தான். அவரிடம் இருப்பது பட்டன் போன். டி.டி.எச். குடை மாட்ட வீட்டுக்காரர் மாடியை விடமாட்டார். இன்னொரு கம்பெனிக்கு மாறினால் பாக்ஸையும் மாற்ற வேண்டும். ஒரு கம்பெனி பாக்ஸ் இன்னொரு கம்பெனி ஒயரில் வேலை செய்யாது. செல்போனில் நம்பரை மாற்றாமல் கம்பெனி மாறும் வசதி நாடு முழுக்க 2011-லேயே வந்துவிட்டது. பாக்ஸுக்கும் அப்படி வேண்டும் என்று டிராய் 2020-ல் பரிந்துரைத்தது. இன்னும் நம் கைக்கு வரவில்லை. மாற வழியில்லாதவருக்குச் சந்தையில் பத்துக் கடை இருந்தும் ஒரே கடைதான்.

அரசே ஒயர் இழுத்தபோது

தமிழ்நாட்டில் இந்தக் கதைக்கு ஒரு தனி அத்தியாயம் உண்டு. தமிழ்நாடு அரசு கேபிள் டி.வி. நிறுவனம் 2007 அக்டோபரில் பதிவானது. தொடக்கத்தில் தடுமாறி, 2011 செப்டம்பர் 2 அன்று புதிதாகச் சேவையைத் தொடங்கியது. மாதம் 70 ரூபாய். அதில் 50 ரூபாய் ஆபரேட்டருக்கு, 20 ரூபாய் நிறுவனத்துக்கு. அக்கம்பக்கத்தில் எல்லாம் நூறு, நூற்றைம்பது என்று வாங்கிக்கொண்டிருந்த காலத்தில் 70 என்பது எல்லோரையும் இறங்கிவர வைத்தது. விலையை அறிவிப்பால் அல்லாமல் போட்டியால் குறைத்த உதாரணம் என்று இதைச் சொல்லலாம். தாலுகா ஆபீஸில் நீங்கள் சாதிச் சான்றுக்கும் வருமானச் சான்றுக்கும் போய் நின்றீர்களே, அந்த அரசு இ-சேவை மையங்களில் பலவற்றை நடத்தியதும் இதே நிறுவனம்தான்.

இது அரசு இதழ்தான். ஆனாலும் மறுபக்கத்தையும் சொல்லிவிட வேண்டும். மாநில அரசுகளோ அவற்றின் நிறுவனங்களோ இந்தத் தொழிலில் இறங்கக் கூடாது என்று டிராய் 2008-லும் 2012-லும் பரிந்துரைத்தது. காரணம், செய்தி வருகிற குழாயை ஆட்சியில் இருப்பவர் கையில் கொடுத்தால், பிடிக்காத செய்தி வரும்போது குழாயை மூடத் தோன்றும் என்பது. அலைவரிசை பொதுமக்களின் சொத்து, ஒலிபரப்பு அரசின் ஏகபோகமாகவும் இருக்கக் கூடாது, வேறு யாருடைய ஏகபோகமாகவும் இருக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1995 பிப்ரவரியிலேயே சொல்லியிருக்கிறது. இந்த இழுபறியில் அரசு கேபிளுக்கு டிஜிட்டல் உரிமம் 2017 ஏப்ரலில்தான் கிடைத்தது. அதே ஆண்டு செப்டம்பரில் இருந்து கட்டணமில்லாமல் செட்டாப் பாக்ஸ் கொடுக்கத் தொடங்கினார்கள். 2019 ஆகஸ்டில் மாதக் கட்டணம் வரி நீங்கலாக 130 ரூபாயாகக் குறைக்கப்பட்டது.

இங்கேயும் சறுக்கல் உண்டு. 2022 நவம்பரில் பாக்ஸ்களுக்கான மென்பொருள் சேவையை வழங்கிய தனியார் நிறுவனத்தோடு வந்த தகராறில் அரசு கேபிள் ஒளிபரப்பு பல வீடுகளில் சில நாள் நின்றது. ஒரே கம்பெனியின் மென்பொருளை நம்பி லட்சக்கணக்கான பாக்ஸ் இருந்தால் என்ன ஆகும் என்பது அப்போது எல்லோருக்கும் தெரிந்தது. பஞ்சாப் சானலுக்கு நடந்ததும் இதுவும் வேறு வேறு மாதிரித் தெரிந்தாலும், அடிப்படையில் ஒரே நோய்.

சரி, நீங்கள் என்ன செய்யலாம்?

முதலில் உங்கள் பாக்ஸ் எந்த எம்.எஸ்.ஓ.வுடையது என்று பாருங்கள். தெருக்காரர் பெயர் வேறு, கம்பெனி பெயர் வேறு. பாக்ஸின் அடியில் இருக்கும், அல்லது டி.வி.யை ஆன் செய்யும்போது திரையில் வரும். அந்தக் கம்பெனியின் இணையதளத்தில் ஒயர் கட்டணம், ஒவ்வொரு சானலின் விலை, பேக்குகளின் விலை எல்லாம் போட்டிருக்க வேண்டும். வீட்டில் காலேஜ் படிக்கிற பிள்ளை இருந்தால் பத்து நிமிஷ வேலை. நீங்கள் உண்மையிலேயே பார்க்கிற சானல்களை ஒரு தாளில் எழுதி, விலையைக் கூட்டி, 18 சதவீதம் சேர்த்து, இப்போது கட்டுவதோடு ஒப்பிட்டுப் பாருங்கள். சில வீடுகளில் பேக்தான் மலிவாக இருக்கும், அப்படியானால் விட்டுவிடுங்கள். பல தமிழ்ச் சானல்கள் இலவசச் சானல்கள் என்பதையும் மறக்க வேண்டாம்; அவற்றுக்கு ஒயர் கட்டணத்துக்கு மேல் எதுவும் கிடையாது.

குறைக்க வேண்டும் என்று முடிவு செய்தால், ஆபரேட்டரிடம் வாயால் சொல்வதோடு நிறுத்தாமல் எம்.எஸ்.ஓ.வின் வாடிக்கையாளர் எண்ணுக்குப் போன் போட்டுச் சொல்லுங்கள். புகார் என்றாலும் அப்படியே. முக்கியமான விஷயம், புகார் எண் வாங்குவது. எண் கொடுப்பது அவர்கள் கடமை. அந்த எண் இல்லாத புகார் காற்றோடு போன புகார். ஊருக்குப் போகிறீர்கள், மூன்று மாதம் வீடு பூட்டியிருக்கும் என்றால் இணைப்பைத் தற்காலிகமாக நிறுத்தி வைக்கச் சொல்லும் உரிமையும் உங்களுக்கு உண்டு. பலருக்கு இது தெரியாது. பூட்டின வீட்டுக்கும் சேர்த்துக் கட்டிக்கொண்டிருக்கிறார்கள்.

எண் வாங்கியும் வேலை நடக்கவில்லை என்றால், ஒவ்வொரு எம்.எஸ்.ஓ.வும் மாநிலத்துக்கென்று ஒரு பொறுப்பு அலுவலரை வைத்திருக்க வேண்டும், அவருக்கு எழுதலாம். அரசு கேபிள் இணைப்பு என்றால் மாவட்ட ஆட்சியர் அலுவலகத்தில் கேபிள் டி.வி. தனி வட்டாட்சியர் இருக்கிறார். டிராய்க்கு எழுதினால் உடனே நடந்துவிடும் என்று பலர் நினைக்கிறார்கள். டிராய் விதி வகுக்கிற இடம்; தனி நபர் புகாரை அது விசாரிக்காது. டெல்லியில் தொலைத்தொடர்புத் தகராறுகளுக்கென்று இருக்கும் தீர்ப்பாயமும் கம்பெனிகளின் தகராறுக்கும், கூட்டமாக வரும் நுகர்வோருக்கும்தான். தனி ஆளாக உங்களுக்கு உள்ள இடம் நுகர்வோர் ஆணையம். அதற்கு முன்னால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-க்குப் பேசிப் பாருங்கள்; கம்பெனிக்கு அவர்களே தகவல் அனுப்புவார்கள். அதிலும் தீரவில்லை என்றால் மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையம். ஐந்து லட்சம் ரூபாய்க்கு உட்பட்ட வழக்குக்குக் கட்டணம் கிடையாது, வக்கீல் கட்டாயம் இல்லை. கேபிள் தகராறு எதுவும் ஐந்து லட்சத்தைத் தொடப் போவதில்லை. இதற்கெல்லாம் ரசீது வேண்டும். ரசீது கேட்கும்போது "என்னக்கா, நம்பிக்கை இல்லையா?" என்பார்கள். நம்பிக்கை இருக்குப்பா, ரசீதும் இருக்கட்டும் என்று சொல்லுங்கள்.

அக்கம்பக்கத்தில் நாலு வீடு சேர்ந்து கேட்டால் இன்னும் வேகமாக நடக்கும். ஒரு வீடு போனால் ஆபரேட்டருக்குக் கவலை இல்லை. பத்து வீடு டி.டி.எச். பக்கம் பார்க்கிறது என்றால் மறுநாள் காலையில் வந்து நிற்பார்.

பாட்டி விஷயத்தில் அவருடைய பேத்தி உட்கார்ந்து கணக்குப் போட்டாள். பாட்டி பார்க்கிறவற்றில் இரண்டுதான் கட்டணச் சானல், மீதி எல்லாம் இலவசம். எம்.எஸ்.ஓ.வுக்குப் போன் செய்து பேக்கை நீக்கச் சொன்னாள். முதல் தடவை "உங்க ஆபரேட்டர்கிட்ட பேசுங்க" என்றார்கள். இரண்டாவது தடவை புகார் எண் கேட்டாள், கொடுத்தார்கள். அந்த எண்ணைப் பாட்டி முருகன் படம் போட்ட தினசரி காலண்டரின் அட்டையில் பென்சிலால் எழுதி வைத்திருக்கிறார். மூன்றாம் நாள் இந்திப் பாட்டு நின்றது. அடுத்த மாதம் பைக் வந்தபோது ரசீதில் 190 சொச்சம் இருந்தது. கூட இருந்த நூறு ரூபாயைப் பாட்டி என்ன செய்தார் என்று கேட்டேன். "மாத்திரைக்கு" என்றார்.